நம் பக்கத்துக் கணக்கையும் எழுதுங்கள்
உண்மை அறியும் குழுக்களில் பணியாற்றும் இளைய தோழர்களுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள தோழர்களுக்கு,



ஓர் ஊரில் தாக்குதல் நடந்தால் நீங்கள் மறுநாளே கிளம்பிவிடுகிறீர்கள். நான்கைந்து பேர், ஒரு நோட்டு, கைபேசியில் பதிவு வசதி, கைக்காசில் பேருந்துச் சீட்டு. பாதிக்கப்பட்டவர்களைப் பார்க்கிறீர்கள், தாசில்தாரைப் பார்க்கிறீர்கள், இன்ஸ்பெக்டர் பேச மறுத்தால் அதையும் குறித்துக்கொள்கிறீர்கள். அதுவரை எல்லாம் தெளிவாக இருக்கிறது. அறிக்கை எழுத உட்காரும்போதுதான் சிக்கல் தொடங்குகிறது. நாம் யாருக்காகப் போனோமோ அந்தத் தரப்பில் சிலரும் யாரையாவது அடித்திருந்தால், ஒரு வீட்டைக் கொளுத்தியிருந்தால், அதை எழுதுவதா, விடுவதா? எழுதினால் எதிர்த்தரப்பு அந்த ஒரு பத்தியை மட்டும் வெட்டியெடுத்து ஊரெல்லாம் காட்டும் என்ற பயம் நியாயமானது. ‘இப்போது வேண்டாம், பிறகு பார்க்கலாம்’ என்று மூத்தவர்களே சொல்லிவிடுவதும் உண்டு.

இந்த விவாதம் உங்களுக்குள் ஓடிக்கொண்டிருப்பதை அறிவேன். என் பங்குக்குக் கொள்கை பேசாமல், ஒரு மனிதரின் பொதுவாழ்க்கையை உங்கள் முன் வைக்கிறேன். அவர் செக் நாட்டுக்காரர், பெயர் யிர்ஷி டீன்ஸ்ட்பீர். வாட்ஸ்லாவ் ஹாவேலைப் பற்றித் தமிழில் ஓரளவு எழுதப்பட்டிருக்கிறது. அவரோடு ஒரே சிறையில் கிடந்து, பிறகு அவர் குடியரசுத் தலைவராக இருந்த காலத்தில் வெளியுறவு அமைச்சராக இருந்த டீன்ஸ்ட்பீரை நம்மில் பலர் கேள்விப்பட்டிருக்க மாட்டோம். உங்கள் வேலையைச் செய்தவர் என்பதால் அவரை உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

பிராக் நகருக்கு அருகே நிலக்கரியும் எஃகும் விளைந்த க்ளாத்னோ என்ற ஊரில் 1937 ஏப்ரல் 20 அன்று பிறந்தார். எடுத்த எடுப்பிலேயே அரசை எதிர்த்தவர் என்று நினைத்துவிடாதீர்கள். 1958இல் கம்யூனிஸ்ட் கட்சியில் சேர்ந்தார், நம்பித்தான் சேர்ந்தார். செக்கோஸ்லோவாக்கிய வானொலியில் செய்தியாளரானார். தூரக் கிழக்கு நாடுகளில் நிருபராக இருந்தார். 1968 ஆகஸ்டில் நாட்டின் சீர்திருத்தங்களை ஒடுக்க, சோவியத் தலைமையிலான வார்சா ஒப்பந்த நாடுகளின் டாங்கிகள் பிராகுக்குள் நுழைந்தபோது, வானொலிக் கட்டடத்தை மறித்து நின்ற மக்களில் பலர் உயிரிழந்தார்கள். படையெடுப்புக்கு எதிராக ஒலிபரப்பைத் தொடர்ந்து நடத்திய வானொலிக்காரர்களில் டீன்ஸ்ட்பீரும் ஒருவர். அதன்பின் நிருபராக வாஷிங்டன் போனார். அங்கேயே தங்கியிருக்கலாம். அந்த நாட்களில் அப்படித் தங்கிவிட்டவர்கள் ஏராளம், அவர்களைக் குறைசொல்ல நமக்கு உரிமையும் இல்லை. இவர் திரும்பி வந்தார். கட்சி நீக்கியது, வானொலி வேலை போனது. ஒரு நிறுவனத்தின் ஆவணக் காப்பறையில் வேலைக்குச் சேர்ந்தார்.

1977இல் ‘சாசனம் 77’ வந்தது. ஹெல்சிங்கியில் மனித உரிமைகளை மதிப்போம் என்று கையெழுத்துப் போட்ட அரசு, அதைக் கடைப்பிடிக்க வேண்டும் என்று கேட்ட மடல் அது. முதல் மூன்று செய்தித் தொடர்பாளர்களில் ஹாவேல் ஒருவர், 1968இல் வெளியுறவு அமைச்சராக இருந்த யிர்ஷி ஹாயெக் ஒருவர், தத்துவப் பேராசிரியர் யான் பாட்டொச்கா ஒருவர். பாட்டொச்கா தொடர் விசாரணைகளுக்குப் பின் அந்த மார்ச் மாதமே இறந்துபோனார். டீன்ஸ்ட்பீர் சாசனத்தில் கையெழுத்திட்டார். 1979இலும் 1985இலும் அதன் செய்தித் தொடர்பாளராக இருந்தார்.

நீங்கள் கவனிக்க வேண்டியது சாசனத்தைவிட அதன் பக்கத்தில் முளைத்த இன்னொரு குழுவை. 1978 ஏப்ரலில், அநியாயமாக வழக்குத் தொடரப்பட்டவர்களைப் பாதுகாப்பதற்கான குழு ஒன்று பிறந்தது. செக் மொழிப் பெயரின் முதலெழுத்துகளால் அதை வோன்ஸ் என்பார்கள். அதன் வேலை அறிக்கை எழுதுவது. கைதானவர் பெயர், தொழில், கைதான தேதி, போடப்பட்ட சட்டப் பிரிவு, எந்த ஊர் நீதிமன்றம், என்ன தீர்ப்பு. அவ்வளவுதான். ஆவேசச் சொற்கள் கிடையாது. மெல்லிய தாள்களுக்கு இடையே கார்பன் வைத்துத் தட்டச்சு செய்வார்கள். கடைசிப் பிரதியில் எழுத்து மங்கிப்போயிருக்கும், அதையும் ஒருவர் வாங்கிப்போய் மறுபடி தட்டச்சு செய்வார். பிரதிகள் எல்லை தாண்டிப் போய், மேற்கத்திய வானொலிகள் வழியாக மீண்டும் நாட்டுக்குள்ளேயே கேட்டன. 1989க்குள் இப்படி ஆயிரத்துக்கும் மேற்பட்ட அறிக்கைகள் வெளிவந்தன. எழுதியவர்கள் யாரும் ஒளிந்துகொள்ளவில்லை. உறுப்பினர்களின் பெயர்கள் பகிரங்கமாகவே இருந்தன.

அந்தக் குழுவில் யார் யார் இருந்தார்கள் என்று பாருங்கள். பெத்ர் ஊல் புரட்சிகர இடதுசாரி. வாட்ஸ்லாவ் பெண்டாவும் தானா நியெம்ட்சோவாவும் தீவிரக் கத்தோலிக்கர்கள். டீன்ஸ்ட்பீர் கட்சியிலிருந்து வெளியேற்றப்பட்ட கம்யூனிஸ்ட். ஹாவேல் எந்தக் கட்சிக்கும் அகப்படாத நாடகாசிரியர். நாட்டின் எதிர்காலம் எப்படி இருக்க வேண்டும் என்று கேட்டிருந்தால் ஒரு மணி நேரத்தில் ஐந்து அணியாகப் பிரிந்திருப்பார்கள். கைதானவர் ராக் இசைக்காரரா, பாதிரியாரா, துண்டறிக்கை கொடுத்த தொழிலாளியா என்பதை வைத்து அறிக்கையின் நீளத்தை அவர்கள் கூட்டவோ குறைக்கவோ இல்லை. வழக்கு அநியாயமா என்ற ஒரே கேள்விதான். இதை அழுத்திச் சொல்லக் காரணம் இருக்கிறது. டீன்ஸ்ட்பீர் பின்னாளில் செய்த காரியத்தின் பயிற்சி இங்கேதான் நடந்தது.

1979 மே மாத இறுதியில் குழுவினர் வளைத்துப் பிடிக்கப்பட்டார்கள். அக்டோபர் 22, 23 தேதிகளில் பிராக் நீதிமன்றத்தில் ஆறு பேர் மீது விசாரணை. குடியரசைக் கவிழ்க்க முயன்றார்கள் என்பது குற்றச்சாட்டு. இரண்டே நாளில் தீர்ப்பு. ஊலுக்கு 5 ஆண்டு, ஹாவேலுக்கு 4½, பெண்டாவுக்கு 4, டீன்ஸ்ட்பீருக்கும் பத்திரிகையாளர் ஓட்டா பெத்நார்ஷோவாவுக்கும் தலா 3. நியெம்ட்சோவாவுக்கு மட்டும் நிறுத்திவைக்கப்பட்ட தண்டனை. ஒஸ்த்ராவா நகரத்தின் ஹெர்ஷ்மனிட்சே சிறையில் ஹாவேல், பெண்டா, டீன்ஸ்ட்பீர் மூவரும் ஒன்றாகச் சில காலம் இருந்தார்கள். வாரம் ஒரு கடிதம், நான்கு பக்கம், குடும்ப விஷயம் மட்டும் என்று கட்டுப்பாடு இருந்த சிறை அது.

1982இல் வெளியே வந்தவருக்குக் கிடைத்தது கொதிகலன் அறையில் கரி தள்ளும் வேலை. பிராகில் அன்று எத்தனையோ பேராசிரியர்களும் எழுத்தாளர்களும் அந்த வேலையில் இருந்தார்கள். அடுப்பை மூட்டிவிட்டால் இடையில் படிக்கவும் எழுதவும் நேரம் கிடைக்கும். டீன்ஸ்ட்பீர் அந்த நேரத்தில் வெளியுறவுக் கொள்கை எழுதினார். கடவுச்சீட்டு இல்லை, தொலைபேசியை அரசு ஒட்டுக்கேட்கிறது, தெருமுனையில் காவலர் நிற்கிறார். அந்த நிலையில் இருப்பவர் ஐரோப்பாவின் எதிர்காலத்தை வரைகிறார். 1985 மார்ச்சில் சாசனக்காரர்கள் வெளியிட்ட ‘பிராக் வேண்டுகோள்’ இரு வல்லரசுப் படைகளும் ஐரோப்பாவை விட்டு வெளியேற வேண்டும் என்றது, இரு ராணுவ முகாம்களும் கலைய வேண்டும் என்றது, ஜெர்மானியர்கள் விரும்பினால் ஒன்றுசேரும் உரிமை அவர்களுக்கு உண்டு என்றது. மேற்கின் சமாதான இயக்கத்தினர் பலருக்கே அது எட்டாத கனவாகப் பட்டது. மறு ஆண்டு அதே சிந்தனையை ‘ஐரோப்பாவைப் பற்றிய கனவு’ என்ற நூலாக விரித்து, தட்டச்சுப் பிரதியாகக் கைமாற்றிக் கைமாற்றிப் பரவவிட்டார்.

பிறகு நடந்தது உங்களுக்குத் தெரியும். 1989 நவம்பர் 17 அன்று மாணவர்களின் ஊர்வலத்தைப் போலீஸ் அடித்து நொறுக்கியது. இரண்டு நாளில் எதிர்ப்பாளர்களின் குடிமக்கள் மன்றம் உருவானது. கம்யூனிஸ்ட் ஆட்சி பணிந்தது. டிசம்பர் 10 அன்று புதிய அரசு பதவியேற்றது. அதில் வெளியுறவு அமைச்சர், சில நாள் முன்புவரை கரி தள்ளிக்கொண்டிருந்த டீன்ஸ்ட்பீர். அவர் நுழைந்தது செர்னின் மாளிகை. 1948 மார்ச்சில் வெளியுறவு அமைச்சர் யான் மசாரிக் அதே மாளிகையின் முற்றத்தில் பிணமாகக் கிடந்தார்.

அவர் அமைச்சராகச் செய்தவற்றில் இரண்டை மட்டும் சொல்கிறேன். பதவிக்கு வந்த அந்த மாதமே இரண்டு எல்லைகளில் முள்வேலியைத் தன் கையால் வெட்டினார். முதலில் ஆஸ்திரிய எல்லை, அந்நாட்டு அமைச்சர் அலாய்ஸ் மோக் கூடவே நின்றார். டிசம்பர் 23 அன்று மேற்கு ஜெர்மன் எல்லை, அந்நாட்டு அமைச்சர் ஹான்ஸ் டீட்ரிஷ் கென்ஷர் உடனிருந்தார். ஆளுக்கொரு பெரிய வெட்டுக் கத்தரியோடு இரண்டு அமைச்சர்கள் கம்பியோடு மல்லுக்கட்டும் அந்தப் படங்கள் உலகப் பத்திரிகைகளில் எல்லாம் வந்தன. அந்தக் கம்பியைத் தாண்ட முயன்று செத்தவர்கள் ஏராளம் என்பதை நினைத்துக்கொண்டு அந்தப் படத்தைப் பாருங்கள்.

இரண்டாவது காரியத்துக்குப் படம் குறைவு, பலன் பெரிது. 1990 பிப்ரவரி 26 அன்று மாஸ்கோவில், ஹாவேலும் சோவியத் தலைவர் கோர்பச்சேவும் இருக்க, டீன்ஸ்ட்பீரும் சோவியத் வெளியுறவு அமைச்சர் ஷெவர்த்நாட்ஸேயும் ஓர் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள். செக்கோஸ்லோவாக்கியாவில் நிலைகொண்டிருந்த சோவியத் படை, சுமார் 73,500 பேர், குடும்பங்களோடும் டாங்கிகளோடும் வெளியேற வேண்டும் என்பது உடன்பாடு. 1991 ஜூன் இறுதிக்குள் கடைசி ஆள் வரை போய்விட்டார்கள். 1968இல் அந்தப் படை உள்ளே வந்ததை வானொலியில் சொன்னவர், அது வெளியே போவதற்கான தாளில் கையெழுத்துப் போட்டார். ஒரு துப்பாக்கிச் சூடு இல்லை. அரசியலில் இப்படி ஒரு கணக்கு நேராவது மிக அரிது. எத்தனை முறை படித்தாலும் எனக்கு நெஞ்சு நிறைகிறது.

அவரைத் தெய்வமாக்க நான் வரவில்லை. 1990 தொடக்கத்தில் ஆயுத ஏற்றுமதியை நிறுத்தப்போகிறோம் என்று அறிவித்தார். கேட்க நன்றாக இருந்தது, சரியான எண்ணமும்கூட. ஆனால் டாங்கித் தொழிற்சாலைகள் பெரும்பாலும் ஸ்லோவாக்கியாவில் இருந்தன. மார்ட்டின் போன்ற ஊர்களே அதை நம்பி நின்றன. மாற்று வேலைக்கு வழி செய்யாமல் பிராகிலிருந்து வந்த அந்த அறிவிப்பு, ‘செக் மக்களின் நல்ல பெயருக்கு நம் வயிறா விலை?’ என்ற மனக்கசப்பை ஸ்லோவாக்கியரிடம் வளர்த்தது. பின்னால் அரசு அதைத் தளர்த்திக்கொள்ள வேண்டியதாயிற்று. நல்லவர்கள் ஆட்சிக்கு வந்தவுடன் பாதிக்கப்படப் போகிறவனிடம் கேட்காமலே நல்லது செய்யத் துணிவார்கள். டீன்ஸ்ட்பீரும் அதில் விழுந்தார்.

1992 ஜூன் தேர்தலில் குடிமக்கள் மன்றத்திலிருந்து பிரிந்து அவர் தலைமையில் நின்ற குடிமக்கள் இயக்கம் 5 விழுக்காட்டு வரம்பைத் தாண்டவில்லை. சந்தைப் பொருளாதாரம் பேசிய வாட்ஸ்லாவ் க்ளவுஸின் கட்சி வென்றது. ஆறே மாதத்தில் நாடு இரண்டானது. மீண்டும் கட்சி கட்டிப் பார்த்தார், எடுபடவில்லை.

இனித்தான் உங்களுக்கு நான் சொல்ல வந்தது. 1998இல் ஐ.நா. மனித உரிமை ஆணையம் அவரை முன்னாள் யூகோஸ்லாவிய நாடுகளுக்கான சிறப்பு அறிக்கையாளராக நியமித்தது. போஸ்னியா, குரோஷியா, செர்பியாவும் மான்டினீக்ரோவும் மட்டும் எஞ்சியிருந்த யூகோஸ்லாவியா மூன்றும் அவர் பொறுப்பு. இந்தப் பதவிக்குச் சம்பளம் கிடையாது, உங்களுக்கு இல்லாதது போலவே. முதன்முதலில் அந்தப் பதவியில் இருந்தவர் போலந்தின் ததேயுஷ் மசோவியெட்ஸ்கி. அவரும் எதிர்ப்பாளராக இருந்து பிரதமரானவர். 1995 ஜூலையில் ஐ.நா. பாதுகாப்பு வளையம் என்று அறிவித்திருந்த போஸ்னிய ஊரான ஸ்ரெப்ரனிட்சாவை உலகம் போஸ்னிய செர்பியப் படையின் படுகொலைக்குக் கைவிட்டதைக் கண்டு, இனி எழுதிப் பயனில்லை என்று பதவியை உதறினார். அந்த நாற்காலியின் கனம் தெரிந்துதான் டீன்ஸ்ட்பீர் உட்கார்ந்தார்.

அல்பேனியர் பெரும்பான்மையாக வாழ்ந்த செர்பிய மாகாணமான கொசோவோவில் செர்பியப் போலீஸும் ராணுவமும் அல்பேனிய மக்களுக்குச் செய்ததை அவர் எழுதினார். தன்னிச்சைக் கைது, காவலில் சித்திரவதை, கிராமங்கள் மீது தாக்குதல். அல்பேனிய ஆயுதக் குழு ஆட்களைக் கடத்தியதையும் எழுதினார். 1999 மார்ச் 12 அன்று செக் குடியரசு நேட்டோவில் சேர்ந்தது. 12 நாள் கழித்து, பாதுகாப்பு அவையின் ஒப்புதல் இல்லாமல், நேட்டோ யூகோஸ்லாவியா மீது குண்டு வீசத் தொடங்கியது. 78 நாள் வீசியது. அந்த வாரங்களில் எட்டு லட்சத்துக்கும் மேற்பட்ட அல்பேனியர்கள் கொசோவோவிலிருந்து விரட்டப்பட்டார்கள். ஜூனில் செர்பியப் படை வெளியேறியது, நேட்டோ தலைமையிலான படை உள்ளே வந்தது, அகதிகள் வீடு திரும்பினார்கள்.

உலகம் அந்தக் கதையை அங்கேயே முடித்துக்கொள்ளத் தயாராக இருந்தது. டீன்ஸ்ட்பீர் முடிக்கவில்லை. அந்த இலையுதிர் காலத்தில் போய்ப் பார்த்தார். செர்பியர்களின் வீடுகள் எரிந்துகொண்டிருந்தன. ரோமா சிறுபான்மையினர் தங்கள் குடியிருப்புகளை விட்டு ஓடிக்கொண்டிருந்தார்கள். தனித்து மிஞ்சிய முதியவர்கள் ரொட்டி வாங்கவும் காவல் இல்லாமல் வெளியே போக முடியவில்லை. ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டோர் வெளியேறிவிட்டார்கள். நவம்பரில் ஐ.நா.வில் அவர் சொன்னதன் சாரம் இது: வசந்தத்தில் அல்பேனியர்கள் மீது நடந்த இனச் சுத்திகரிப்பின் இடத்தில், இலையுதிர் காலத்தில் செர்பியர், ரோமா, போஸ்னியாக் மக்கள் மீதான இனச் சுத்திகரிப்பு வந்திருக்கிறது. அதே கொலை, அதே சித்திரவதை, அதே கொள்ளை, அதே வீட்டெரிப்பு. அதே மூச்சில், செர்பியச் சிறைகளுக்குக் கொண்டுபோகப்பட்டு அடைபட்டிருந்த அல்பேனியக் கைதிகளின் கணக்கையும் அவர் விடவில்லை.

இதை அவர் யார் முன்னால் சொன்னார் என்பதுதான் முக்கியம். குண்டு வீசிய அரசுகள் அவருடைய பழைய நண்பர்கள். அவர் சிறையில் இருந்தபோது விடுதலை கேட்டுக் குரல் கொடுத்தவர்கள், அமைச்சரானபோது கட்டித் தழுவியவர்கள். அவருடைய நாடு அந்த அணியில் அப்போதுதான் சேர்ந்திருந்தது. சிறைத் தோழர் ஹாவேல் குடியரசுத் தலைவராக அந்தக் குண்டுவீச்சை மனப்பூர்வமாக ஆதரித்தார். 1979இல் எதிரே உட்கார்ந்திருந்தவர் அரசு வழக்கறிஞர், எதிர்ப்பது மனத்துக்குச் சுலபம். 1999இல் எதிரே இருந்தது சொந்த வீடு. செர்பியச் சார்பாளர் என்றார்கள், காலம் கடந்த சமாதானக் கனவுக்காரர் என்றார்கள். அவர் 2001 வரை வேலையைத் தொடர்ந்தார். பிறகு அந்த அனுபவத்தை ‘இரத்த வரி’ என்ற தலைப்பில் நூலாக்கினார்.

குண்டுவீச்சு தவறு என்ற அவர் கருத்து முழுவதையும் நான் ஏற்கவில்லை. இன்னும் கொஞ்சம் பேச்சுவார்த்தை நடத்தியிருந்தால் யூகோஸ்லாவியத் தலைவர் மிலோஷெவிச் வழிக்கு வந்திருப்பார் என்ற நம்பிக்கை, ஸ்ரெப்ரனிட்சாவுக்குப் பிறகு எனக்கு வரவில்லை. இதில் என்னோடு நீங்கள் மாறுபடலாம், அவரோடும் மாறுபடலாம். அவருடைய பதிவுகளோடு மாறுபடத்தான் வழியில்லை. வசந்தத்தில் யார் வீடு எரிந்தது, இலையுதிர் காலத்தில் யார் வீடு எரிந்தது என்பது அரசியல் நிலைப்பாட்டைப் பொறுத்து மாறாது. அவர் எழுதியதை அன்றைக்குப் பல அரசுகள் விரும்பவில்லை. ஆனால் கொசோவோவில் செர்பியருக்கும் ரோமாக்களுக்கும் நடந்ததைப் பின்னால் எவரும் மறுக்க முடியாமல் போனதற்கு அந்த நேரத்திலேயே எழுதப்பட்ட இப்படிப்பட்ட அறிக்கைகளும் காரணம்.

‘எதிரிக்கு ஆயுதம் கொடுக்கிறாயா?’ என்ற கேள்வி அவருக்கும் வந்தது. செர்பியத் தலைநகர் பெல்கிரேடின் பிரச்சாரகர்கள் அவர் சொன்னதில் தங்களுக்கு வேண்டியதை மட்டும் எடுத்துக்கொண்டது உண்மை. உங்கள் அறிக்கைக்கும் அது நேரும். அதற்காக விட்டுவிட்டால் என்ன ஆகும் என்பதையும் யோசியுங்கள். நாம் விட்ட பத்தியை எதிர்த்தரப்பு எழுதும், ஊதிப் பெருக்கி எழுதும். அப்புறம் நாம் எழுதிய மற்ற நாற்பது பக்கத்தையும் ஒருவரும் நம்பமாட்டார்கள். வோன்ஸ் அறிக்கைகளில் பொய் என்று ஒன்றைக்கூட நிரூபிக்க முடியாமல்தான் அந்த அரசு அவற்றை எழுதியவர்களைச் சிறையில் போட்டது.

2008இல் க்ளாத்னோ மக்கள் அவரைச் செனட்டுக்கு அனுப்பினார்கள். சமூக ஜனநாயகக் கட்சி நிறுத்திய வேட்பாளராக நின்று வென்றார். செனட்டராக இருந்தபோதே, 2011 ஜனவரி 8 அன்று, 73 வயதில் காலமானார்.

அவருடைய ஐ.நா. அறிக்கைகள் இணையத்தில் பொதுவில் கிடைக்கின்றன. கொசோவோ பற்றியவற்றைக் குழுவாக உட்கார்ந்து படியுங்கள். ஒரு தரப்பின் குற்றத்தை எழுதிய பத்திக்கும் மறுதரப்பின் குற்றத்தை எழுதிய பத்திக்கும் நடையில் வித்தியாசம் இருக்கிறதா என்று தேடுங்கள். பிறகு நாம் சமீபத்தில் வெளியிட்ட அறிக்கைகளை எடுத்து அதே தேடலை நடத்துங்கள். எங்கெல்லாம் ஒரு பெயரும் தேதியும் விடுபட்டிருக்கின்றனவோ அங்கே மறுபடி போய்க் கேட்டு, துணை அறிக்கையாகச் சேர்த்து வெளியிடுங்கள். பயணச் செலவு பற்றிக் கவலைப்பட வேண்டாம், என்னால் ஆனதைத் தருகிறேன். வரைவைப் படித்துத் திருத்தவும் தயாராக இருக்கிறேன். வேண்டாம் என்று சொல்லும் மூத்தவர்களிடம் இந்த மடலைக் காட்டுங்கள், அவர்களோடு நான் பேசுகிறேன்.

அன்புடன்,
உங்களில் ஒருவன்